கார்னெட்டின் வலது முட்டி

காலை ஏழு மணிக்கு என் டயர் கடை வாசலில் வண்டியை நிறுத்திவிட்டு இறங்கி, என்னுடைய லாரியின் பம்பர் மேல் ஒவ்வொரு காலாகத் தூக்கி வைத்து ஷூ லேஸ் கட்டுகிறான் கார்னெட் ப்ரீசன். பம்பர் இடுப்பு உயரம். அவனுக்கு வயது ஐம்பத்திரண்டு. லாரியின் முகப்புக் கம்பியில் தோளை முட்டுக்கொடுத்துக்கொண்டு, ஒற்றைக் காலில் நின்று, முக்கி முனகி ஒரு முடிச்சு, அதன் மேல் இன்னொரு முடிச்சு. உட்கார்ந்து கட்டினால் அரை நிமிஷ வேலை. ஒரு முட்டியைத் தரையில் ஊன்றிக் கட்டினால் பத்து நொடி. அவன் முட்டி போட மாட்டான்.

"மாப்ள, உள்ள நாற்காலி சும்மா கெடக்குது."

"நாற்காலி வயசானவனுக்கு மச்சான். நீ போய் உக்காரு."

பிறகு காலை இறக்கி, ஒரு கை நிறைய சூரியகாந்தி விதையை வாயில் போட்டுக்கொண்டு, தொலியை என் வாசலில் துப்புவான். நான் அப்போதுதான் பெருக்கியிருப்பேன். காகிதக் கோப்பை கையிலேயே இருக்கும். அதில் துப்பலாம். "கோப்பையில காப்பி இருக்குல்ல?" என்பான், நான்தான் புத்தி இல்லாமல் கேட்டுவிட்ட மாதிரி.

கையால் எறிந்தும் காலால் உதைத்தும் ஆடுகிற எங்கள் கனடா ஃபுட்பாலில் ஒன்பது வருஷம் நான் அவனுக்கு சென்டராக ஆடினேன். குனிந்து நின்று, பந்தை இரண்டு காலுக்கும் நடுவே பின்னால் கொடுக்கிறவன் சென்டர். அதை வாங்கி, யாருக்கு எறிவது என்று முடிவெடுக்கிறவன் குவாட்டர்பேக். ஆகவே என் இளமையில் பெரும்பகுதி இந்த மனிதனை நான் தலைகீழாகத்தான் பார்த்திருக்கிறேன். நேராக நின்று ஒரு முறை நன்றாகப் பார்த்திருந்தால் என் தங்கை லெஸ்யாவை அவனுக்குக் கொடுக்கச் சம்மதித்திருக்க மாட்டேன். இப்போது அவன் கெல்வர்டன் பேட்ஜர்ஸ் அணிக்குத் தலைமைப் பயிற்சியாளன். நான் அவனுக்கு உதவி, முன்னால் நின்று முட்டுகிற லைன்காரர்கள் என் பொறுப்பு. அன்றைக்குப் பந்தைக் கொடுத்தேன், இன்றைக்கு அவன் வீசி எறிகிற தொப்பியைப் பொறுக்கிக் கொடுக்கிறேன்.

அவன் வலது கைக்கு உறை கிடையாது. இருபத்தைந்து டிகிரி உறைபனியிலும் இடது கையில் ஆட்டுத்தோல் உறை, வலது கை மொட்டையாக, நகம் நீலம் பாரித்து இருக்கும். "கை பந்தைக் கேக்கும் மச்சான், உறை போட்டா அதுக்குக் கோவம் வரும்" என்பான். தோள்பட்டையில் இரண்டு அறுவைசிகிச்சை ஆன பிறகு அந்தக் கை பந்து எறிந்து பதினெட்டு வருஷம் ஆகிறது. கடைத்தெருவில் வரிசையில் நிற்கும்போது எனக்குப் பின்னால்தான் நிற்பான். கவனித்துப் பார்த்தால் இரண்டு உள்ளங்கையும் தானாகக் குவிந்து என் இடுப்புக்குக் கீழே வந்து காத்திருக்கும். கல்லாவில் இருக்கும் பெண்கள் எங்களைப் பார்த்துச் சிரிப்பதை நிறுத்தி வெகுகாலம் ஆயிற்று.

பிழைப்புக்குப் பயிர்க் காப்பீட்டு வேலை. ஆலங்கட்டி மழை அடித்துப் போட்ட வயலுக்குப் போய், எத்தனை தண்டு ஒடிந்தது, எத்தனை தேறும் என்று எண்ணிச் சொல்ல வேண்டும். மற்ற மதிப்பீட்டாளர்கள் முட்டி போட்டு எண்ணுவார்கள். கார்னெட் வயலில் குப்புறப் படுத்து எண்ணுவான். போன ஜூலையில் அப்படித்தான் ஒரு கனோலா எண்ணெய்வித்து வயலில் படுத்திருந்தான். வயலுக்குச் சொந்தக்காரி தூரத்திலிருந்து பார்த்துவிட்டு, மாரடைப்பு என்று நினைத்து ஆம்புலன்சைக் கூப்பிட்டுவிட்டாள். வந்தவர்கள் ஸ்ட்ரெச்சரை இறக்கியபோது இவன் தலையைத் தூக்காமல், "சத்தம் போடாதீங்கய்யா, நூத்திப் பதினாலுல இருக்கேன்" என்றானாம்.

லெஸ்யாவிடம் கல்யாணத்துக்குக் கேட்டதும் நின்றபடியேதான். எங்கள் பக்கத்தில் ஆண்பிள்ளை ஒரு முட்டி போட்டு, மோதிரத்தை நீட்டி, நிமிர்ந்து பார்த்துக் கேட்பான். இவன் அவளை டிரக்கின் பின்தட்டில் ஏற்றி நிற்கவைத்துவிட்டு, தான் கீழே நின்று நிமிர்ந்து பார்த்துக் கேட்டிருக்கிறான். அவள், "என்ன, வண்டியை விக்கப் போறியா?" என்று கேட்டாளாம். எங்கள் உக்ரேனியக் கோயிலில் திருமணத்தன்று பாதிரியார் இருவரையும் மண்டியிடச் சொன்னார். தங்கை மண்டியிட்டாள். இவன் விறைத்து நின்றான். பாதிரியார் காத்திருந்தார். "முட்டி வலி, ஃபாதர்" என்றான். அதற்கு முந்தின ராத்திரி என் வீட்டு வரவேற்பறையில் அவன் குந்திக் குந்தி ஆடியதை அந்தப் பாதிரியாரும் பார்த்திருந்தார்.

இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்றால், கிளப் தலைவி வெர்னா ஷாஃப் ஆண்டு மலருக்கு அவனைப் பற்றி இரண்டு பக்கம் எழுதிக் கேட்டிருக்கிறாள். "நல்லதா நாலு வார்த்தை எழுது ஓரெஸ்ட், வயித்தெரிச்சல எல்லாம் கொட்டாத" என்று எச்சரித்தும் அனுப்பினாள். நல்லதுதான் எழுதலாம் என்று உட்கார்ந்தேன். கொஞ்ச நேரம் பேனாவைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததுதான் மிச்சம்.

அந்த முட்டி விஷயம் கெல்வர்டனில் எல்லோருக்கும் தெரியும். வெளியூர்க்காரர்களுக்காக ஒரு முறை சொல்லிவிடுகிறேன்.

எங்கள் ஆட்டத்தில் கோல் கோட்டுக்குப் பின்னால் இருபது கஜம் நிலம் உண்டு. நாங்கள் பின்கட்டு என்போம். எதிரணி உதைத்த பந்து நம் பின்கட்டில் வந்து விழுந்தால், அதை எடுத்துக்கொண்டு வெளியே ஓடவேண்டும், இல்லை திரும்ப வெளியே உதைத்துவிட வேண்டும். இரண்டும் செய்யாமல் பந்தோடு முட்டி போட்டுவிட்டால் அந்தச் சுற்று அங்கேயே நின்றுவிடும், எதிரணிக்கு ஒரு புள்ளி போய்விடும். கனடாவில் தொட்டில் பிள்ளைக்குத் தெரியும் இது. எல்லைக்குத் தெற்கே அமெரிக்காவில் இந்த ஒரு புள்ளி கிடையாது. அங்கே பின்கட்டில் முட்டி போட்டால் யாருக்கும் எதுவும் நஷ்டமில்லை.

கார்னெட்டுக்கு இருபத்தைந்து வயதில் ஒஹையோவிலிருந்து ஒரு பெரிய அணி தேர்வுக்குக் கூப்பிட்டது. ஆறு வாரம் அங்கே இருந்தான். ஆறு வாரமும் அவர்கள் முறையில் பயிற்சி. கடைசியில் கைகுலுக்கி பஸ் ஏற்றி அனுப்பிவிட்டார்கள். ஊருக்குத் திரும்பி எங்கள் அணியில் ஆடினான். அந்த வருஷம் நாங்கள் யாரையும் விடவில்லை, எல்லோரையும் அடித்தோம். நவம்பரில் இறுதி ஆட்டம், ரெட்பர்ன் அணியோடு, அவர்கள் ஊரில். கடைசிச் சுற்றில் இரண்டு பக்கமும் பதினான்கு. ரெட்பர்ன்காரன் கோல் கம்பங்களுக்கு நடுவே உதைக்கப் போகிறான். உள்ளே போனால் மூன்று புள்ளி. தப்பினால் பந்து எங்கள் பின்கட்டுக்கு வரும். வந்தால் திருப்பி உதைப்பதற்கு எங்களில் நன்றாக உதைக்கத் தெரிந்தவனாக ஒருவனை அங்கே நிறுத்தினார்கள். அது கார்னெட்.

உதை தப்பியது. பந்து நேராக அவன் நெஞ்சுக்கு வந்தது. அழகாகப் பிடித்தான். கூட வந்த எங்கள் ஊர் மொத்தமும் "உதை, உதை" என்று கத்தியது. அவன் வலது முட்டியை மெதுவாகத் தரையில் ஊன்றினான்.

அதோடு விட்டிருந்தாலும் பரவாயில்லை. எழுந்து, பந்தை நடுவரிடம் தூக்கிப் போட்டுவிட்டு, சிரித்துக்கொண்டே இரண்டு கையையும் மேலே தூக்கினான். ஒஹையோ விதிக் கணக்கில், ஆட்டம் கூடுதல் நேரத்துக்குப் போகிறது என்று நினைத்துவிட்டான். ரெட்பர்ன்காரர்கள் ஒருவன் மேல் ஒருவன் விழுந்து புரண்டுகொண்டிருந்தார்கள். நான் வாயெல்லாம் மண்ணோடு அப்போதுதான் எழுந்து நின்றேன். என்னிடம் வந்து, "ஏன்டா அவனுங்க ஆடுறானுங்க?" என்று கேட்டான்.

பதினைந்துக்குப் பதினான்கு. இருபத்தேழு வருஷம் ஆகிறது.

அதன் பிறகு அவன் மூன்று வருஷம் பெரிய லீகில், ஒரு நகரத்து அணியில், மூன்றாவது குவாட்டர்பேக்காக இருந்தான். மொத்தம் பதினொரு முறை பந்து எறிந்தான். நாலு போய்ச் சேர்ந்தது, ஒன்றை எதிராளி பிடித்தான், மீதியைக் காற்று கொண்டுபோயிற்று. இதை ஒரு குறையாக யாரும் சொல்வதில்லை. எங்கள் ஊரில் அந்த லீகின் சட்டையைப் போட்டவன் அவன் ஒருவன்தான். ஆனால் கெல்வர்டனில் யாரிடமாவது கார்னெட் ப்ரீசன் என்று சொல்லிப் பாருங்கள். பெரிய லீக் என்று எவனும் சொல்ல மாட்டான். தன் முட்டியைத் தட்டிக் காட்டுவான்.

ரெட்பர்ன்காரர்கள் இன்னும் ஒரு படி மேலே போய்விட்டார்கள். நாங்கள் அங்கே ஆடப் போகும்போதெல்லாம் ஆட்டம் தொடங்குமுன் அவர்களுடைய பல் டாக்டர் ஹார்வி லுண்ட் எழுந்து நின்று ஒரு விசில் ஊதுவார். உடனே முந்நூறு பேர், பிள்ளைகுட்டிகள், கம்பளியைப் போர்த்திய கிழவிகள் உட்பட, அந்த ஜில்லென்ற அலுமினியப் பலகை மேல் ஒற்றை முட்டி போட்டு, தொப்பியைக் கழற்றி நெஞ்சில் வைத்துக்கொள்வார்கள். பத்து நொடி. ஒரு சத்தம் இருக்காது. பிறகு எழுந்து உட்கார்ந்து பாப்கார்ன் தின்பார்கள். கார்னெட் அந்தப் பத்து நொடியும் வானத்தைப் பார்த்து விதை துப்புவான். நான் அவன் பக்கத்தில் நின்று என் ஷூவைப் பார்த்துக்கொண்டிருப்பேன். அதன் மேல்தான் துப்புவான்.

இதெல்லாம் அவனுடைய சொந்த வலி. அதை நான் மதிக்கிறேன். என் ஆத்திரம் என்னவென்றால், தன் முட்டிக்குப் போட்ட விலங்கை நாற்பது ஆட்டக்காரர்களுக்கும் சேர்த்துப் போட்டுவிட்டான் என்பதுதான்.

பேட்ஜர்ஸ் அணியில் யாரும் முட்டி போடக் கூடாது. அணிப் புகைப்படத்தில் முன்வரிசை முட்டி போடுவது உலக வழக்கம். எங்கள் முன்வரிசைக்கு, பனிக்கட்டி மேல் கல் தள்ளி ஆடுகிற கர்லிங் கிளப்பிலிருந்து பன்னிரண்டு நாற்காலி இரவல் வரும். யாருக்காவது அடிபட்டால் மற்ற அணிகள் மரியாதைக்கு முட்டி போட்டுக் காத்திருக்கும். நாங்கள் மட்டும் நின்றுகொண்டிருப்போம், இரக்கமே இல்லாத ஜன்மங்கள் மாதிரி. ஜெயித்துக்கொண்டிருக்கும்போது கடைசி நிமிஷத்தில் குவாட்டர்பேக் பந்தை வாங்கி முட்டி போட்டு நேரத்தைக் கழிப்பது மூளையுள்ள எவனும் செய்வது. எங்கள் ஆள் ஓடவேண்டும். ஓடி, விழுந்து, பந்தைத் தொலைத்து, கையில் இருந்த ஆட்டத்தை இரண்டு முறை தாரைவார்த்திருக்கிறோம். பின்கட்டுக்கும் அவனிடம் இரண்டே சைகைதான். வலது கையை நீட்டினால் ஓடு, வலது காலை வீசினால் உதை. மூன்றாவது சைகை கிடையாது.

போன வருஷம் அரையிறுதி. நாங்கள் மூன்று புள்ளி முன்னால். கடைசி உதை எங்கள் பின்கட்டுக்கு வந்தது. முட்டி போட்டு ஒரு புள்ளியைக் கொடுத்தால் இரண்டு புள்ளியில் ஜெயித்துவிடலாம். இவன் கையை நீட்டினான். எங்கள் ஆள் ஓடினான். நாலு பேர் மோதினார்கள், பந்து தெறித்தது, ரெட்பர்ன்காரன் பின்கட்டிலேயே அதன் மேல் விழுந்தான், அவர்களுக்கு ஆறு புள்ளி. திரும்பும் பஸ்ஸில் ஒரு மணி நேரம் கழித்து கார்னெட், "நல்ல ஓட்டம்தான்" என்றான். நான் இருக்கையை மாற்றிக்கொண்டு பின்னால் போய்விட்டேன்.

அந்த வாரமே வெர்னாவின் பேக்கரியில் கமிட்டி கூடியது. வெர்னா மாவு அப்பிய கையோடு நின்றாள்.

"கார்னெட், நான் சுத்தி வளைச்சுப் பேசுறவ இல்ல. இன்னொரு வருஷம் தர்றோம். உன் வீம்பால இன்னொரு ஆட்டம் போச்சுன்னா, நீ வீட்டுக்குப் போயிடு."

"வீம்பு இல்ல வெர்னா. அது ஒரு கொள்கை."

"கொள்கையோ கொழுப்போ, எனக்குத் தெரியாது. ஏழு பேரும் கை தூக்கியாச்சு."

வெளியே வந்ததும் லெஸ்யா என்னைத் தனியாகக் கூப்பிட்டாள். அவளும் கோபத்தில்தான் இருந்தாள், ஆனால் கமிட்டி மேல் இல்லை. "அண்ணே, அவர்கிட்ட நீயாச்சும் சொல்லு. இந்த டீம் இருக்கிற வரைக்கும் அவர் கோச்சு. டீமப் புடுங்கிட்டா அந்த மனுசன்கிட்ட மிஞ்சப் போறது அந்த ஒரு நாள் மட்டுந்தான். அதோட நான் எப்படிண்ணே குடும்பம் நடத்துறது?"

சொன்னேன். ஒரு வருஷமாகச் சொன்னேன். பம்பர் மேல் கால் இருக்கும்போது சொன்னேன், வீட்டில் எங்கள் உக்ரேனியக் கொழுக்கட்டையான பெரோகி தின்னும்போது சொன்னேன். ஒரு முறை என் தட்டிலிருந்த பெரோகிகளை எடுத்து மேஜை மேல் அடுக்கி, பின்கட்டில் முட்டி போட்டால் எப்படி ஜெயிக்கலாம் என்று விளக்கினேன். அவன் கவனமாகப் பார்த்தான். பிறகு முட்டி போட்ட பெரோகியை எடுத்துத் தின்றுவிட்டான்.

இந்த நவம்பரில் இறுதி ஆட்டம். ரெட்பர்னில். பதினாறு டிகிரி உறைபனி, தரை பாறை மாதிரி, மேலே இரண்டு விரற்கடை பனி. டாக்டர் லுண்ட் விசில் ஊதினார், முந்நூறு பேர் முட்டி போட்டார்கள், கார்னெட் வானத்தைப் பார்த்தான். எல்லாம் வழக்கம்போல.

மூன்று மணி நேரம் கழித்துக் கடிகாரத்தில் ஒரே ஒரு சுற்றுக்குத்தான் நேரம் மிச்சம். நாங்கள் இருபத்தொன்று, அவர்கள் பத்தொன்பது. அவர்கள் கம்பத்தை நோக்கி உதைக்கப் போகிறார்கள். தூரம் அதிகம், காற்று எதிரே. உள்ளே போனால் நாங்கள் தொலைந்தோம், அதற்குச் செய்ய ஒன்றுமில்லை. தப்பினால் பந்து பின்கட்டுக்கு வரும். பின்கட்டில் நிற்பவன் வெய்லன். வெல்டிங் பட்டறை வைத்திருக்கும் இருபத்தெட்டு வயதுக்காரன், எங்கள் அணியிலேயே கால் வேகம் அவனுக்குத்தான்.

கடிகாரத்தை நிறுத்தச் சொல்லிக் கேட்டு வாங்கிவிட்டு நான் கார்னெட்டின் முன்னால் போய் நின்றேன்.

"மாப்ள. தப்பிச்சுன்னா முட்டி போடச் சொல்லு. ரெண்டு புள்ளி முன்னால இருக்கோம். ஒண்ணைக் குடுத்தா ஒண்ணு மிச்சம். கப்பு நம்மளுது."

"என் டீம்ல எவனும் முட்டி போட மாட்டான்."

"தரை பனிக்கட்டியா இருக்குடா. ஓடினா வழுக்கிருவான்."

"வெய்லன் வழுக்க மாட்டான்."

"அன்னிக்கு நீ ஒரு புள்ளியில தோத்த. இது ஒரு புள்ளியில ஜெயிக்கிறது. இந்த வித்தியாசம் உன் மண்டையில ஏறவே ஏறாதா?"

அவன் விதைத்தொலியைத் துப்பினான். இந்த முறை என் ஷூ மேல் இல்லை. "நீ உன் லைனைப் பாரு மச்சான்" என்றான்.

என் கையில் இருந்த அட்டைப் பலகையைத் தரையில் அடித்தேன். இரண்டாக உடைந்தது. சொல்லக் கூடாத ஒரு வார்த்தையும் சொன்னேன். அதை இந்த மலரில் எழுத வெர்னா விடமாட்டாள். அவன் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. வெய்லனைக் கூப்பிட்டு, "எம் பக்கம் பாத்துக்கிட்டே இரு" என்று மட்டும் சொல்லி அனுப்பினான். எனக்குத் தங்கையின் முகம்தான் நினைவுக்கு வந்தது. அவள் எங்களுக்குப் பின்னால் நாலாவது வரிசையில் உட்கார்ந்திருந்தாள்.

ரெட்பர்ன்காரன் உதைத்தான். பந்து எழும்பி, காற்றில் ஒரு பக்கம் சாய்ந்து, வலது கம்பத்துக்கு வெளியே போயிற்று. பின்கட்டில் விழுந்து, இரண்டு முறை துள்ளி, பனியில் உருண்டு நின்றது.

எங்கள் ஆட்டத்தில் ஒரு விதி உண்டு. உதைக்கப்பட்ட பந்தை நம் ஆள் தொடும்வரை எதிராளிகள் அவனை விட்டு ஐந்து கஜம் தள்ளி நிற்கவேண்டும். ரெட்பர்ன்காரர்கள் நாலு பேர் வந்து, வெய்லனைச் சுற்றி வட்டமாக நின்று, மூக்கிலும் வாயிலும் ஆவி விட்டுக்கொண்டு காத்திருந்தார்கள். உதைத்தவனுக்கு மட்டும் அந்த விதி கிடையாது. அவன் வந்து பந்தைத் தானே எடுக்கலாம், எடுத்தால் ஆறு புள்ளி. அவன் நாற்பது கஜத்துக்கு அப்பாலிருந்து ஓடி வந்துகொண்டிருந்தான்.

வெய்லன் பந்தின் மேல் குனிந்தான். தொடவில்லை. தலையைத் திருப்பி கார்னெட்டைப் பார்த்தான்.

கார்னெட்டின் வலது கை, உறை இல்லாத கை, இடுப்பு வரை எழுந்தது. அங்கேயே நின்றது. நான் அவனுக்கு நாலடி தள்ளி நின்றேன். அவன் பார்வை அந்த நாலு பேர் மேலும் இல்லை, ஓடி வருகிறவன் மேலும் இல்லை. வெய்லனுடைய கால்களைப் பார்த்தான். வலது கால் வழுக்கி, ஊன்றி, மறுபடி வழுக்கியது. எங்கள் பக்கம் முழுவதும் கத்துகிறது, ரெட்பர்ன் பக்கம் முழுவதும் கத்துகிறது. நானும் கத்தினேன். என்ன கத்தினேன் என்று தெரியாது. அவனை அந்த நிமிஷம் அடித்திருப்பேன். அதே சமயம் அவனுக்காக எனக்கு அழுகையும் முட்டிக்கொண்டு வந்தது. இரண்டும் உண்மை.

கையை இறக்கினான். பிறகு அந்த ஐம்பத்திரண்டு வயது உடம்பு, யாரோ மேலிருந்து தோளை அழுத்துவது மாதிரி, கொஞ்சம் கொஞ்சமாகக் கீழே போயிற்று. வலது முட்டி பனியில் புதைந்தது. அந்த முந்நூறு பேருக்கும் முன்னால், கோட்டின் விளிம்பில், நன்றாகத் தெரியும்படி முட்டி போட்டான் கார்னெட் ப்ரீசன்.

வெய்லன் ஒரு கணம் விழித்தான். அப்படி ஒரு சைகையை அவன் பார்த்ததே இல்லை. உதைத்தவன் பத்து கஜத்தில் வந்துவிட்டான். வெய்லன் பந்தை வாரி வயிற்றோடு அணைத்துக்கொண்டு முட்டி போட்டான்.

விசில். ஒரு புள்ளி ரெட்பர்னுக்கு. இருபத்தொன்றுக்கு இருபது. ஆட்டம் முடிந்தது.

எங்கள் நாற்பது பேரும் ஒரே ஓட்டமாக மைதானத்துக்குள் பாய்ந்தார்கள். ரெட்பர்ன் பக்கம் டாக்டர் லுண்ட் எழுந்து நின்று, விசிலை வாய்வரை கொண்டுபோய், ஊதாமல் பைக்குள் போட்டுக்கொண்டார். எங்கள் நாலாவது வரிசையில் லெஸ்யா இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள்.

கார்னெட் எழுந்திருக்கவில்லை. எனக்குப் பயமாகிவிட்டது. அந்த முட்டிக்குத் தரையில் ஊன்றிப் பழக்கமே விட்டுப்போனது, இறுகிக்கொண்டிருக்கும். கிட்டே போய் அக்குளில் கை கொடுத்தேன்.

"எந்திரி மாப்ள. தூக்கிவிடவா?"

"கையை எடு" என்றான். நிமிர்ந்து பார்க்கவில்லை. மூக்கு நுனியில் ஒரு சொட்டு தொங்கியது. "லேஸ் அவுந்துருச்சு. அதான் உக்காந்தேன்."

அவன் இடது ஷூவைப் பார்த்தேன். காலையில் என் லாரி பம்பர் மேல் போட்ட இரட்டை முடிச்சு அப்படியே கிண்ணென்று இருந்தது. கோணல் விரலும் நீல நகமுமாக அந்த வெறும் வலது கை கீழே வந்தது. முடிச்சின் ஒரு நுனியைப் பிடித்து இழுத்தது. பிறகு இன்னொரு நுனியை. லேஸ் முழுவதும் அவிழ்ந்து பனியில் விழுந்ததும், முட்டி போட்டபடியே, நிதானமாக, முதலிலிருந்து கட்டத் தொடங்கினான்.